ஓய்வுநாள் பானையும் தகர டப்பாவும்

குளிர்காலத்தில் விரைவாகச் சமைத்து வயிறு நிறைய உண்ணத்தக்க உணவு என்று மேலை நாட்டுச் சமையல் நூல்கள் இன்று பீன்ஸ் ஸ்டூவைப் பரிந்துரைப்பது வழக்கம். ஸ்டூ என்பது காய், பயறு, இறைச்சி ஆகியவற்றைச் சிறிதளவு நீரில், மூடிய பாத்திரத்தில், வெந்த சாறே கெட்டியான குழம்பாகும்வரை அடங்கிய தீயில் வேகவிடும் முறையையும், அவ்வாறு சமைத்த உணவையும் ஒருங்கே குறிக்கும். எனினும் உலர்ந்த பீன்ஸ் விதை விரைந்து வேகும் பொருள் அன்று. இரவு முழுதும் நீரில் ஊறி, பின் ஒன்றிரண்டு மணி நேரமாவது கொதித்தால்தான் அது உண்ணும் பதத்திற்கு வரும். ஆகவே அரைமணி நேரத்தில் ஆயத்தமாகும் பீன்ஸ் ஸ்டூவுக்குப் பின்னால், அந்த நேரத்தையும் எரிபொருளையும் முன்னரே செலவிட்ட ஓர் ஆளோ ஓர் ஆலையோ ஒரு கருவியோ இருந்தே தீரும். அச்செலவை ஏற்றவர் யார் என்பது காலந்தோறும் மாறிவந்துள்ளது. அம்மாற்றத்தை ஒரே நிலப்பகுதியில், ஒரே உணவில் தொடர்ச்சியாகக் காண விரும்புவோர்க்கு அமெரிக்காவின் வடகிழக்கு மூலையிலுள்ள நியூ இங்கிலாந்தைவிடப் பொருத்தமான இடம் அரிது.

மெயின், நியூ ஹாம்ப்ஷயர், வெர்மான்ட், மாசசூசெட்ஸ், ரோட் ஐலண்ட், கனெக்டிகட் ஆகிய ஆறு மாநிலங்கள் அடங்கிய அப்பகுதியில் பயிர் வளரும் காலம் குறுகியது. குளிர்காலத்தில் பல இடங்களில் நிலம் பனியால் மூடிக்கிடக்க, ஏரிகள் ஆள் நடக்கும் அளவுக்கு உறைந்துவிடும். அத்தகைய நாட்டில் உலர்ந்த தானியம், உலர்ந்த பயறு, உப்பிட்ட இறைச்சி, உப்பிட்ட மீன் ஆகியவற்றைச் சேமித்துவைத்தே மக்கள் குளிர்காலத்தைக் கடந்தனர். அச்சேமிப்பில் பீன்ஸுக்கு இருந்த இடத்தைப் பாஸ்டன் நகருக்கு வழங்கும் ‘பீன்டவுன்’, அதாவது பீன்ஸ் நகரம் என்ற பட்டப்பெயரே காட்டுகிறது. சிறு வெள்ளை பீன்ஸை உப்பிட்ட பன்றி இறைச்சியோடும் கரும்புப் பாகோடும் மண்பானையில் இட்டு, ரொட்டி சுடும் அடுப்பினுள் இரவெல்லாம் வேகவைப்பதே பாஸ்டன் பேக்டு பீன்ஸ் எனப்படும் உணவு.

அந்த விதையின் தோற்றத்திலிருந்தே வரலாறு தொடங்க வேண்டும். தமிழகச் சந்தையில் பீன்ஸ் என்று விற்கப்படும் பச்சைக் காயும், வட இந்தியர் ராஜ்மா என்று சமைக்கும் சிவந்த விதையும், பாஸ்டன் பானையில் வேகும் சிறு வெள்ளை விதையும் ஒரே தாவர இனத்தைச் சேர்ந்தவை. காயை முற்றவிட்டு உலர்த்தினால் கிடைப்பது விதை, பிஞ்சிலேயே பறித்தால் கிடைப்பது காய்கறி. மொச்சையும் அவரையும் பழைய உலகத்துப் பயிர்கள். பீன்ஸோ முற்றிலும் அமெரிக்கக் கண்டங்களுக்கு உரியது. இன்றைய மெக்சிகோவை ஒட்டிய நடு அமெரிக்காவிலும், தென் அமெரிக்காவின் ஆண்டீஸ் மலைத்தொடரிலும் இருவேறு மக்கள் ஒருவரையொருவர் அறியாமலேயே இதனைக் காட்டிலிருந்து வயலுக்குக் கொண்டுவந்தனர். ஆண்டீஸ் மலைவாழ் மக்களின் மதிநுட்பம் தனித்துக் குறிப்பிடத்தக்கது. கடல் மட்டத்திலிருந்து மிக உயர்ந்த இடங்களில் காற்றழுத்தம் குறைவதால் நீர் 100 டிகிரிக்கும் குறைந்த வெப்பத்திலேயே கொதித்துவிடும். அந்நீரில் எவ்வளவு நேரம் கிடந்தாலும் பயறு எளிதில் வேகாது, விறகும் அங்கு அரிது. எனவே அம்மக்கள் ‘நுன்யா’ என்னும் தனிவகைப் பீன்ஸைத் தேர்ந்து பேணி வளர்த்தனர். நீரே இல்லாமல் சூடான ஓட்டில் வறுத்தால் சில நிமிடங்களில் அது வெடித்து மென்மையாகிவிடும். பீன்ஸை விரைவாகச் சமைக்கும் முயற்சியில் மனிதர் கண்ட மிகப் பழைய தீர்வுகளுள் ஒன்று இவ்வாறு அடுப்பங்கரையில் அன்றி வயலில், விதைத் தேர்விலேயே தோன்றியது.

வடக்கு நோக்கிப் பரவிய பீன்ஸ் நியூ இங்கிலாந்துப் பகுதியை ஏறத்தாழ 1300ஆம் ஆண்டளவில் எட்டியதாகத் தொல்லியல் சான்றுகள் காட்டுகின்றன. 1605இல் அக்கடற்கரையை ஆராய்ந்த பிரெஞ்சுக் கடலோடி சாமுவேல் த ஷாம்ப்ளேன், இன்றைய மெயின் மாநிலத்தின் சாக்கோ ஆற்றங்கரையில் பழங்குடியினர் மக்காச்சோளத்தை மண்மேடுகளில் நட்டு, ஒவ்வொரு மேட்டிலும் மூன்று நான்கு பீன்ஸ் விதைகளையும் ஊன்றுவதைக் கண்டு பதிவுசெய்தார். சோளத்தட்டை கொடிக்குக் கொழுகொம்பாக, கொடியின் வேர்முடிச்சுகளில் வாழும் நுண்ணுயிர்கள் காற்றிலுள்ள நைட்ரஜனை மண்ணில் சேர்க்க, இடையில் படரும் பூசணி களையை அடக்க, மூன்றும் ஒன்றையொன்று தாங்கி வளர்ந்தன. உண்பவர் உடலிலும் அதே துணைமை தொடர்ந்தது; சோளத்தில் குறைவாக உள்ள லைசின் என்னும் புரதக்கூறு பீன்ஸில் மிகுந்தும், பீன்ஸில் குறைவானது சோளத்தில் ஓரளவு நிறைந்தும் இருப்பதால், இரண்டையும் சேர்த்து வேகவைத்த கூழ் இறைச்சி கிட்டாத நாள்களிலும் உடலைத் தாங்கவல்லது. 1616 முதல் 1619 வரை பரவிய கொள்ளைநோய் அக்கடற்கரைப் பழங்குடியினரில் மிகப் பெரும் பகுதியினரை மாய்த்தது. 1620இல் பிளிமத்திலும் 1630இல் பாஸ்டனிலும் வந்திறங்கிய ஆங்கிலேயர், அவ்வாறு மாய்ந்தோர் உழுது பண்படுத்திய வயல்கள் பலவற்றிலேயே தங்கள் வாழ்வைத் தொடங்கினர்.

பானையில் பீன்ஸை வேகவைக்கும் முறையைக் குடியேறியோர் பழங்குடியினரிடமிருந்து அப்படியே கற்றனர் என்பது நெடுங்காலமாகச் சொல்லப்பட்டுவரும் கருத்து. அதனை முழுதும் ஏற்பதற்கில்லை. இங்கிலாந்தின் சிற்றூர்களில் உழவர்கள் பழைய உலகத்துப் பயிராகிய ஃபாவா பயற்றைப் பன்றி இறைச்சித் துண்டோடு கொதிக்கவைத்துக் கூழாக உண்ணும் வழக்கம் அதற்கு முன்பே நிலைபெற்றிருந்தது. வந்த இடத்தில் பழகிய பயற்றைவிட நன்றாக விளையும் புதிய பயறு கிடைத்தபோது, அதைப் பழைய பானையில் இட்டனர் என்று கொள்வதே பொருத்தம். ஆயினும் சமையல் முறை எவருடையதாயினும், பல தலைமுறை உழைப்பில் அந்தக் குளிர்நாட்டுக்கு விதையைப் பழக்கி எடுத்தவர்கள் பழங்குடி உழவர்களே. ‘யாங்கீ’, அதாவது நியூ இங்கிலாந்துக்காரரின், உணவு என்று பின்னாளில் பெருமையோடு பேசப்பட்ட இப்பண்டத்தின் வரலாற்றை எழுதியோர் பலர் அவ்வுழைப்பை ஒரு வரியில் கடந்துபோனது நியாயமன்று.

அந்த எளிய கூழை இரவு முழுதும் வேகும் உணவாக மாற்றியது சமயக் கட்டளை. இங்கிலாந்தின் திருச்சபை போதிய அளவு சீர்திருந்தவில்லை எனக் கருதிக் கடல்கடந்து வந்த பியூரிட்டன்கள், அதாவது தூய்மைவாதக் கிறித்தவர்கள், ஞாயிற்றுக்கிழமையை முழு ஓய்வுநாளாகக் கடைப்பிடித்தனர். அவர்களுடைய கணக்கில் ஓய்வுநாள் சனிக்கிழமை பொழுது சாய்ந்ததுமே தொடங்கிவிடும். அந்நேரம் முதல் சமையல் உட்பட உலகியல் வேலை எதுவும் ஆகாது. ஞாயிறன்று காலையும் மாலையும் குளிர்காயும் வசதி இல்லாத வழிபாட்டுக் கூடத்தில் நெடுநேரம் அமர்ந்து வேதவுரை கேட்டு வரும் குடும்பத்தாருக்குச் சூடான உணவு வேண்டும். இவ்விரு தேவைகளையும் ஒருசேர நிறைவேற்றியது புகைபோக்கியை ஒட்டிக் கட்டப்பட்ட செங்கல் அடுப்பு. அதனுள் பல மணி நேரம் விறகை எரித்து, செங்கற்கள் போதிய அளவு வெப்பத்தை உள்வாங்கிய பின் தணலையும் சாம்பலையும் வாரி வெளியே தள்ளிவிட்டு, வெறும் அடுப்பினுள் முதலில் ரொட்டியையும் அடுத்துப் பழ உணவுகளையும் வைத்து எடுப்பர். வெப்பம் மெல்லத் தணியத் தொடங்கும் கடைசிக் கட்டத்தில் பீன்ஸ் பானை உள்ளே போகும். வேறெதற்கும் பயன்படாத அந்த எஞ்சிய வெப்பத்திலேயே பீன்ஸ் நெடுநேரம் வெந்தது. சனிக்கிழமை மாலையில் ஒரு பகுதியை உண்டு, மீதியை அடுப்பிலேயே விட்டுவைத்து ஞாயிறு காலையில் எடுத்துண்பது பல வீடுகளின் வழக்கமாயிற்று.

இதற்கென்றே பானையும் வடிவம் பெற்றது. வயிறு பருத்து வாய் குறுகிய, மூடியிட்ட அந்த மண்பானையில் நீர் ஆவியாகி வெளியேறும் பரப்பு சிறிதாதலால், யாரும் இடையிடையே நீர் ஊற்றிப் பார்த்துக்கொண்டிருக்க வேண்டியதில்லை. பெரிய செங்கல் அடுப்பு இல்லாத நகரத்து வீடுகளுக்காகப் பாஸ்டன் ரொட்டிக்கடைக்காரர்கள் சனிக்கிழமைகளில் வீடு வீடாகச் சென்று பானைகளை வாங்கிவந்து, தங்கள் அடுப்பில் இட்டு, வெந்த பின் திருப்பிக் கொடுத்தனர். கூடவே ரை மாவும் மக்காச்சோள மாவும் கலந்து கருத்த பாகு சேர்த்து ஆவியில் வேகவைத்த ‘பிரவுன் பிரெட்’ என்னும் கனத்த ரொட்டியையும் விற்றனர். நகரத்தில் பீன்ஸ் சமையலின் நேரமும் விறகும் வீட்டுப் பெண்களிடமிருந்து கூலிக்கு உழைக்கும் கைகளுக்கு மாறிய முதல் கட்டம் இதுவே. தட்டில் விழும்போது அது ஆயத்த உணவு. அதை ஆயத்தமாக்கியது ரொட்டிக்கடைக்காரரின் இரவு.

இத்தகைய தீர்வைக் கண்டவர்கள் பியூரிட்டன்கள் மட்டும் அல்லர். வெள்ளிக்கிழமை மாலை முதல் சனிக்கிழமை மாலை வரை நெருப்பு மூட்டுவதை விலக்கும் யூதர்கள், பயறும் தானியமும் இறைச்சியும் சேர்த்த பானையை வெள்ளிப்பொழுது சாயுமுன்னரே அடுப்பில் வைத்து மறுநாள் நண்பகலில் எடுத்துண்ணும் உணவைப் பல நூற்றாண்டுகளாகப் பேணிவந்தனர். கிழக்கு ஐரோப்பாவில் சோலண்ட் என்றும், ஸ்பெயினிலும் வட ஆப்பிரிக்காவிலும் வேறு பெயர்களாலும் வழங்கிய அவ்வுணவை, 13ஆம் நூற்றாண்டில் வாழ்ந்த வியன்னா நகரத்து ரபி ஐசக் தாம் பிரான்சில் கண்டதாக எழுதியுள்ளார். அங்கும் ஊர் ரொட்டிக்கடையின் பொது அடுப்பே பல குடும்பங்களின் பானைகளைத் தாங்கியது. ஒன்றையொன்று பார்த்துக் கற்காத இரு சமயத்தவர் ஒரே வகைப் பானைக்கு வந்துசேர்ந்ததற்குக் காரணம் பயற்றின் இயல்புதான்: கவனிப்பாரின்றி நெடுநேரம் கிடந்தாலும் கெடாமல், கிடக்கக் கிடக்கச் சுவை கூடும் மலிவான உணவு வேறு அதிகம் இல்லை.

பானையில் சேர்ந்த இனிப்பின் கதை கசப்பானது. அதை விரிவாகவே சொல்ல வேண்டும். கரும்புச்சாற்றைக் காய்ச்சிச் சர்க்கரைப் படிகங்களைப் பிரித்த பின் எஞ்சும் கருத்த, கெட்டியான பாகு மொலாசஸ் எனப்படும். கரும்பு விளையாத நியூ இங்கிலாந்துக்கு அது கரீபியன் தீவுகளிலிருந்து கப்பல் கப்பலாக வந்தது. அத்தீவுகளில் கரும்பு வெட்டியவர்களும் ஆலையாட்டியவர்களும் ஆப்பிரிக்காவிலிருந்து கடத்திவரப்பட்ட அடிமைகள். அவர்களுக்கு உணவாக நியூ இங்கிலாந்து வணிகர்கள் அனுப்பியது, ஐரோப்பியச் சந்தையில் விலைபோகாத கழிவுத்தர உப்புமீன். திரும்பி வந்த பாகில் பெரும்பகுதி பாஸ்டனிலும் ரோட் ஐலண்டிலும் ரம் என்னும் சாராயமாக வடிக்கப்பட்டது. அந்த ரம்மில் ஒரு பகுதி ஆப்பிரிக்கக் கரைக்குச் சென்று மேலும் மனிதர்களை வாங்கப் பயன்பட்டது. மாசசூசெட்ஸும் இக்குற்றத்துக்கு வெளியே நின்றதன்று. 1638இல் ‘டிசையர்’ என்னும் கப்பல், போரில் பிடிபட்ட பீக்வாட் பழங்குடியினரைத் தீவுகளில் விற்றுவிட்டு ஆப்பிரிக்க அடிமைகளை ஏற்றிக்கொண்டு பாஸ்டன் துறைக்குத் திரும்பியது; 1641ஆம் ஆண்டுச் சட்டத்தொகுப்பு அடிமை முறைக்கு இடமளித்தது; நீதிமன்றத் தீர்ப்புகளால் அது அங்கு முடிவுக்கு வர 1783 ஆயிற்று. பிரிட்டனுக்கு அயலான தீவுகளின் பாகுக்குக் காலனுக்கு 6 பென்ஸ் வரி விதித்த 1733ஆம் ஆண்டுச் சட்டமும், அதைப் பாதியாகக் குறைத்துக் கண்டிப்புடன் தண்டத் தொடங்கிய 1764ஆம் ஆண்டுச் சட்டமும் குடியேற்றங்களில் எழுப்பிய சினம் விடுதலைப் போராட்டத்திற்கு இட்டுச்சென்ற காரணங்களுள் ஒன்று. அமெரிக்க விடுதலையில் மொலாசஸுக்கு இன்றியமையாத பங்கு இருந்ததென நாட்டின் இரண்டாம் குடியரசுத் தலைவராயிருந்த ஜான் ஆடம்ஸ் தம் முதுமையில் ஒரு கடிதத்தில் ஒப்புக்கொண்டார்.

பீன்ஸ் பானையில் இப்பாகு தொடக்கம் முதலே இருந்தது எனப் பலர் எண்ணுகின்றனர்; அச்சேறிய குறிப்புகள் அதற்கு இடந்தரவில்லை. லிடியா மரியா சைல்ட் 1829இல் வெளியிட்ட ‘சிக்கனமான இல்லத்தரசி’ என்னும் புகழ்பெற்ற சமையல் நூலில் பீன்ஸோடு பன்றி இறைச்சியும் சிறிது மிளகுமே உண்டு, பாகு இல்லை. இவரே 1833இல் அடிமை முறைக்கு எதிராக நூல் எழுதி, அதனால் வாசகர் பலரை இழந்தவர் என்பதை இங்கு நினைவுகூர்வது தகும். ஃபேனி ஃபார்மர் 1896இல் வெளியிட்ட பாஸ்டன் சமையற்பள்ளி நூலில் பாகும் சர்க்கரையும் கடுகும் சேர்ந்துவிட்டன. வேகும் நேரம் 6 முதல் 8 மணி என்று வரையறுக்கப்பட்டது. சமயக் கண்டிப்பு தளர்ந்து தொழிற்சாலைகள் பெருகிய 19ஆம் நூற்றாண்டிலேயே, பாட்டன்மார் காலத்து உணவு என்ற உணர்வோடு இனிப்புப் பீன்ஸ் போற்றப்படலாயிற்று. 1876இல் பிலடெல்ஃபியாவில் நடந்த நாட்டின் நூற்றாண்டுக் கண்காட்சியில் பழைய நியூ இங்கிலாந்துச் சமையலறை ஒன்றை அமைத்து அங்கு பீன்ஸ் பரிமாறியது அந்த ஏக்கத்தின் வெளிப்பாடு.

பாகின் வேதியியலும் இங்கு கருதத்தக்கது. பயற்றின் உயிரணுக்களைப் பிணைத்து நிறுத்துவது பெக்டின் என்னும் பொருள். வெப்பத்தில் அது கரையும்போதே பயறு குழைகிறது. அமிலமும் சுண்ணாம்புச்சத்தும் அப்பிணைப்பை இறுகச் செய்பவை. மொலாசஸில் இரண்டும் உள்ளன. ஆதலால் பாகு சேர்த்த பீன்ஸ் எட்டு மணி நேரம் வெந்தாலும் தோல் கிழியாமல் முழுமணியாக நிற்கும். இரவெல்லாம் அடுப்பில் கிடக்க வேண்டிய பானைக்கு இது நன்மை. விரைவை நாடுவோருக்கு இதுவே தடை. தக்காளியையோ புளிப்பையோ தொடக்கத்திலேயே சேர்த்துவிட்டு ஸ்டூ வேகவில்லை என்று வருந்துவோர் எதிர்கொள்வதும் இதே வேதியியல்தான்.

மெயின் மாநிலத்துக் காடுகளில் மரம் வெட்டுவோர் முகாம்களில் வேறொரு முறை நிலைபெற்றது. தரையில் ஆழமான குழி தோண்டி, கற்களைப் பரப்பி, கடினமான விறகை எரித்துத் தணலாக்கி, இரும்புப் பானையை மூடியிட்டு இறக்கி, மேலே மண்ணிட்டு மூடிவிட்டால் மறுநாள் விடியலில் நூறு ஆளுக்கும் போதுமான பீன்ஸ் ஆயத்தமாக இருக்கும். உறைபனியில் கோடரி தூக்கும் உடலுக்குக் கொழுப்பும் மாவும் புரதமும் ஒரே அகப்பையில் கிடைத்தன. அம்முறை ஊர்த் திருவிழாக்களில் இன்றும் வழங்குகிறது. தேவாலயக் கூடங்களில் சனிக்கிழமை மாலை நடக்கும் பீன்ஸ் விருந்தும் அங்கு மறையவில்லை.

ஏழைகளின் நேரத்தையும் எரிபொருளையும் அறிவியலால் மிச்சப்படுத்த முடியுமா என்று முறையாகக் கேட்டவர்களுள் ஒருவர் எல்லன் ஸ்வாலோ ரிச்சர்ட்ஸ். மாசசூசெட்ஸ் தொழில்நுட்பக் கழகத்தில் சேர்க்கப்பட்ட முதல் மாணவியும் வேதியியலாளருமான இவர், 1890இல் பாஸ்டனில் ‘நியூ இங்கிலாந்து கிச்சன்’ என்னும் பொதுச் சமையற்கூடத்தை நிறுவி, சத்தை அளந்து சமைத்த சூப்பும் ஸ்டூவும் குறைந்த விலையில் உழைப்பாளர் வீட்டுக்கு எடுத்துச்செல்ல வழிசெய்தார். 1893இல் சிகாகோ உலகக் கண்காட்சியில் அவர் நடத்திய ‘ரம்ஃபோர்டு கிச்சன்’ உணவுப்பட்டியலில் பேக்டு பீன்ஸும் பிரவுன் பிரெட்டும் இடம்பெற்றன. நோக்கம் உயர்ந்தது, ஆயினும் இத்தாலியிலிருந்தும் அயர்லாந்திலிருந்தும் கிழக்கு ஐரோப்பாவிலிருந்தும் வந்து குடியேறிய தொழிலாளர்கள் தங்கள் நாட்டுச் சுவையை விட்டு இந்த யாங்கீ உணவை ஏற்கவில்லை, கூடமும் எதிர்பார்த்தபடி பரவவில்லை. சத்து சரியாக இருந்தால் மட்டும் ஒருவர் தம் பானையை மாற்றிக்கொள்ள மாட்டார் என்பதை அம்முயற்சி நிறுவியது.

உண்மையில் விரைவைக் கொண்டுவந்தது தகர டப்பா. பிரெஞ்சு மிட்டாய்க்காரர் நிக்கோலா அப்பேர் உணவைக் கண்ணாடிப் புட்டியில் அடைத்துக் கொதிநீரில் வைத்துக் கெடாமல் காக்கும் முறையைக் கண்டு 1810இல் அரசிடம் 12,000 பிராங்க் பரிசு பெற்றார். அதே ஆண்டில் லண்டனில் தகரக் கலத்துக்கு உரிமம் வழங்கப்பட்டது. டப்பாவைத் திறக்கும் கருவிக்கு அமெரிக்காவில் முதல் உரிமம் பெற்றவர் கனெக்டிகட்டைச் சேர்ந்த எஸ்ரா வார்னர், ஆண்டு 1858. அதுவரை உளியும் சுத்தியலுமே பயன்பட்டன. அதைவிடப் பெரிய இடர் ஒன்று இருந்தது: அடைத்த டப்பாக்களில் சில காரணம் புலப்படாமல் உப்பி வெடித்தன. 1895இல் பாஸ்டனின் அண்டர்வுட் உணவு நிறுவனக் குடும்பத்தைச் சேர்ந்த வில்லியம் லைமன் அண்டர்வுட் இச்சிக்கலோடு மாசசூசெட்ஸ் தொழில்நுட்பக் கழகத்தை அணுக, இளம் ஆய்வாளர் சாமுவேல் கேட் பிரெஸ்காட் அவரோடு சேர்ந்து நுண்ணோக்கியின்கீழ் காரணத்தைத் தேடினார். கொதிநீரின் 100 டிகிரி வெப்பத்தைத் தாங்கிப் பிழைக்கும் நுண்ணுயிர் வித்துகளே குற்றவாளிகள் என்றும், அழுத்தமேற்றிய நீராவியால் ஏறத்தாழ 121 டிகிரி செல்சியஸ் வெப்பம் கொடுத்தால் அவை மடியும் என்றும் இருவரும் காட்டினர். காரணமறியாமல் கைப்பழக்கத்தால் நடந்துவந்த தொழில் அன்று முதல் அளந்து செய்யும் தொழிலாயிற்று.

பீன்ஸுக்கு இம்முறை மிகவும் இசைந்தது. சாற்றோடு டப்பாவிலேயே வெந்து, நுண்ணுயிர் நீங்கி, ஆண்டுக்கணக்கில் கெடாமல் இருந்தது. பிட்ஸ்பர்க் நகர ஹைன்ஸ் நிறுவனத்தின் தக்காளிச் சாற்றுப் பீன்ஸ் 1901இல் பிரிட்டனில் விற்பனைக்கு வந்து, 1928 முதல் அங்கேயே தயாரிக்கப்படலாயிற்று. பாகின் இடத்தைத் தக்காளியும் பன்றி இறைச்சியின் இடத்தைப் போர்க்காலப் பங்கீட்டுக் கட்டுப்பாடும் பறித்துக்கொள்ள, பாஸ்டன் பானையின் வழித்தோன்றல் லண்டன் தொழிலாளியின் காலையுணவாயிற்று. மெயினின் போர்ட்லண்ட் துறைமுகத்தில் 1867இல் தொடங்கிய பர்ன்ஹாம் அண்ட் மாரில் நிறுவனம் 1920களில் பீன்ஸ் தொழிலில் இறங்கியபோதும் செங்கல் அடுப்பில் இரும்புப் பானையில் வேகவைக்கும் பழைய முறையைக் கைவிடவில்லை. மற்ற ஆலைகள் பலவும் நீராவியோடு நிறுத்திக்கொண்ட காலத்தில் அந்நிறுவனம் காட்டிய உறுதி மதிக்கத்தக்கது. அந்த ஆலையில் உற்பத்தி 2021இல் நின்றது.

வீட்டு அடுப்பிலும் மாற்றம் வந்தது. சிகாகோவைச் சேர்ந்த யூதப் பொறியாளர் இர்விங் நாக்சன், லிதுவேனியாவில் ஊர் ரொட்டிக்கடையின் அடுப்பில் இரவெல்லாம் வெந்த சோலண்ட் பானையைப் பற்றித் தம் தாய் சொல்லக் கேட்டு, மின்வெப்பத்தில் மெல்ல வேகவைக்கும் கலம் ஒன்றை அமைத்து 1940இல் உரிமம் பெற்றார். அவர் அதற்கு இட்ட பெயர் ‘நாக்சன் பீனரி’. 1970இல் அவருடைய நிறுவனத்தை வாங்கிய ரைவல் நிறுவனம் மறு ஆண்டே அக்கலத்தைக் ‘க்ராக்-பாட்’ என்ற பெயரில் சந்தைக்குக் கொண்டுவர, காலையில் வேலைக்குப் புறப்படும் பெண்கள் பானையை நிரப்பிவிட்டுச் சென்று மாலையில் சூடான ஸ்டூவைக் கண்டனர். ஆனால் இக்கருவியில் ஓர் ஆபத்தும் உண்டு. வேகாத பீன்ஸில், குறிப்பாகச் சிவந்த ராஜ்மா வகையில், லெக்டின் என்னும் நச்சுப் புரதம் இருக்கிறது. நன்றாகக் கொதித்தால் அது அழியும், கொதிநிலைக்கு எட்டாத மெல்லிய சூட்டில் அழியாது. 1970களின் பிற்பகுதியில் பிரிட்டனில் அரைவேக்காட்டு பீன்ஸ் உண்டு கடும் வாந்தியும் வயிற்றுப்போக்கும் கண்டவர்களைப் பற்றிய பதிவுகள் வரத் தொடங்கிய பின்னரே இவ்வுண்மை பொதுமக்களுக்குத் தெரிந்தது. பிரெஸ்காட்டும் அண்டர்வுட்டும் ஆலைக்கு வகுத்த 121 டிகிரி வெப்பத்தை வீட்டு அடுப்பிலேயே தருவது பிரஷர் குக்கர். டெனி பப்பேன் என்னும் பிரெஞ்சு அறிஞர் 1679இல் லண்டனில் செய்துகாட்டிய அழுத்தக் கலத்தின் வழிவந்த இக்கருவி 1959 முதல் இந்தியாவிலேயே தயாராகி வருவதால், தமிழ்ச் சமையலறைகளில் அது அம்மிக்கு அடுத்த இடத்தைப் பெற்றுவிட்டது.

இன்று உலர் விதையிலிருந்து தொடங்கி விரைவாக ஸ்டூ சமைக்க விரும்புவோர், விதையைச் சிறிது உப்பிட்ட நீரில் இரவே ஊறவைத்து, அந்நீரை வடித்துவிட்டுப் புதுநீரில் இட வேண்டும். திறந்த பாத்திரமாயின் முதலில் நன்றாகக் கொதிக்கவிடல் கட்டாயம். இதற்குப் பிரிட்டன் அரசு 10 நிமிடத்தையும், அமெரிக்க உணவு மருந்து நிர்வாகம் பாதுகாப்பு கருதி 30 நிமிடத்தையும் பரிந்துரைக்கின்றன. குக்கராயின் ஊறிய விதை ஏறத்தாழ கால்மணி நேரத்தில் குழையும். தக்காளி, எலுமிச்சை, வெல்லப்பாகு ஆகியவற்றை விதை விரலால் நசுங்கும் பதத்திற்கு வந்த பிறகே சேர்க்க வேண்டும்.